பதக்கம் தேசத்துக்கு, பாரம் யாருக்கு?

2000 செப்டம்பர் 19 அன்று சிட்னி ஒலிம்பிக்கில், ஆந்திரத்தின் கர்ணம் மல்லேஸ்வரி 69 கிலோ பிரிவில் மொத்தம் 240 கிலோ தூக்கி வெண்கலம் வென்றார். தங்கம் வென்ற சீனத்தின் லின் வெய்னிங் தூக்கியது 242.5 கிலோ. ஒலிம்பிக்கில் பதக்கம் பெற்ற முதல் இந்தியப் பெண் மல்லேஸ்வரியே. அந்த ஒலிம்பிக்கில் இந்தியா பெற்ற ஒரே பதக்கமும் அதுதான். அவரது தேர்வையே குறை கூறியவர்களும் பதக்கம் வந்தவுடன் அவரைத் தேசத்தின் பெருமை என்று கொண்டாடினர்.

கொண்டாடியவர்கள் ஒரு கேள்வியை எழுப்பவே இல்லை. இரயில்வே பாதுகாப்புப் படையில் பணியாற்றிய ஒரு சாதாரண ஊழியரின் மகள் இத்தனை ஆண்டுகள் பயிற்சி செய்ய முடிந்தது எவ்வாறு? விடை, ஆளும் வர்க்கம் இன்று வெறுக்கும் ஒரு சொல்லில் இருக்கிறது: பொதுத்துறை. மல்லேஸ்வரிக்கு வேலை தந்தது இந்திய உணவுக் கழகம். டோக்கியோ ஒலிம்பிக்கில் வெள்ளி வென்ற மணிப்பூரின் மீராபாய் சானுவுக்கும், 2014, 2018 காமன்வெல்த் போட்டிகளில் தங்கம் வென்ற வேலூர் சதீஷ் சிவலிங்கத்துக்கும் வேலை தந்தது இரயில்வே. மாதச் சம்பளம், பயிற்சிக்கு விடுப்பு, காயம்பட்டால் மருத்துவம், ஓய்வுக்குப் பிறகும் நிலைக்கும் பணி. உழைக்கும் குடும்பத்துப் பிள்ளைகள் ஏறிவந்த ஏணி இதுவே.

அந்த ஏணிதான் இன்று உடைக்கப்படுகிறது. நிரந்தரப் பணியிடங்கள் நிரப்பப்படாமல் கிடக்கின்றன. பணிகள் ஒப்பந்தக்காரர்களிடம் ஒப்படைக்கப்படுகின்றன. பணியிடமே இல்லாதபோது விளையாட்டு ஒதுக்கீடு எங்கிருந்து வரும்? தனியார் நிறுவனங்கள் நிதி தருகின்றனவே என்பது தாராளமயவாதிகளின் பதில். அந்த நிதி பெரும்பாலும் வென்றவரின் முகத்தை விளம்பரத்துக்கு வாங்கத்தான் வருகிறது. வெல்வதற்கு முந்தைய பத்தாண்டுப் பசிக்கு அதில் பங்கில்லை.

சீனத்தைப் பாருங்கள் என்று சிலர் வியக்கிறார்கள். நன்றாகவே பார்ப்போம். ஜிலின் மாகாணத்தின் சோ சுன்லான், 1990-இல் சீனத் தேசியப் போட்டியில் வென்ற இளம் பளுதூக்கும் வீராங்கனை. 1993-இல் ஓய்வு பெற்றபின் அணியின் சமையல் கூடத்தில் வேலை செய்தார். பிறகு ஒரு தொகையைக் கையில் கொடுத்து அவரைக் கணக்கு முடித்து அனுப்பினார்கள். 2006-இல், சாங்சுன் நகரின் பொதுக் குளியலகம் ஒன்றில் வாடிக்கையாளரின் முதுகு தேய்த்து அவர் பிழைப்பது வெளியுலகுக்குத் தெரிந்தது. பயிற்சிக் காலத்தில் தமக்குத் தரப்பட்ட மருந்துகளால் உடல் சிதைந்ததாகவும் அவர் கூறினார். திட்டமிட்ட பொருளாதாரத்தில், ஓய்வு பெறும் வீரருக்கு வேலை தருவது அரசின் கடமையாக இருந்தது. சந்தைச் சீர்திருத்தம் அந்தக் கடமையை ஒரு தொகையாகச் சுருக்கியது. பதக்கத்தைக் கேட்கும் வரை அரசு. உடல் தளர்ந்தபின் சந்தை. இந்திய ஆட்சியாளர்கள் சீனத்திடம் கற்றுக்கொள்ள விரும்பினால், முதலில் இந்தப் பாடத்தைக் கற்கட்டும்.

2022-இல் உருவாக்கப்பட்ட திருப்பதி மாவட்டத்தில், சத்தியவேடு அருகே ஸ்ரீசிட்டி சிறப்புப் பொருளாதார மண்டலம் இருக்கிறது. அங்கு கைபேசிகளை உருவாக்கும் தொழிலாளர்களில் பெரும்பாலோர் இளம் பெண்கள். பழைய சித்தூர் மாவட்டத்தின் தமிழும் தெலுங்கும் பேசும் சிற்றூர்களில் மல்லேஸ்வரியைப் போன்ற வலிமையுள்ள சிறுமிகள் இல்லையா? இருக்கிறார்கள். அவர்களுடைய வலிமைக்கு இன்று விலை பேசுவது மூலதனம் மட்டுமே. நிரந்தரமற்ற வேலையில் பயிற்சி விடுப்பு ஏது? போட்டியில் தோள்மூட்டு விலகினால் மறுநாள் வேலை ஏது?

ஆகவே இது வெறும் விளையாட்டுப் பிரச்சினை அன்று. அரசுப் பள்ளிகளில் முட்டையும் பாலும் கொண்ட சத்துணவு, ஒவ்வொரு வட்டத்திலும் கட்டணமில்லாப் பயிற்சிக்கூடம், பெண் பயிற்சியாளர்கள், பாலியல் புகார்களை விசாரிக்கச் சுதந்திரமான குழுக்கள், பொதுத்துறையில் நிரந்தரப் பணி: இவையே கோரிக்கைகள். 2023-இல் ஜந்தர் மந்தரில் மல்யுத்த வீராங்கனைகள் நீதி கேட்டு அமர்ந்தபோது, பதக்கங்களைக் கொண்டாடிய அரசு அவர்களைக் காவல்துறையை ஏவி இழுத்துச் சென்றது. விவசாயிகளும் தொழிற்சங்கங்களும் மாதர் அமைப்புகளும்தாம் அவர்கள் பக்கம் நின்றனர்.

வீராங்கனையும் உழைப்பாளியே. அவரது உரிமைக்கான போராட்டம் தனியார்மயத்தை எதிர்க்கும் போராட்டத்தின் ஒரு பகுதி. இதை ஒவ்வொரு தொழிற்சங்கக் கிளையும் தன் கோரிக்கைப் பட்டியலில் எழுதட்டும்.