சிங்கனும் மாக்ஸ் லிண்டரும்

ஊமைப்படக் காலத்துப் பிரெஞ்சுக் குறும்படங்களை ‘சினிமாவின் மழலை’ என்று ஒதுக்கிவிட்டு நேராக ப்ரெஸ்ஸோனுக்கும் கொதாருக்கும் தாவிவிடுகிறவர்கள் நம்மிடையே அதிகம். தென்காசியில் சிலர் கூடி மாக்ஸ் லிண்டரைச் சுவரில் ஓட்டிப் பார்த்தபோது ஒரு கவிஞர் சொன்னார்: ‘காதலைச் சிரிப்பாக்குவது வியாபாரம்.’ இந்த வாக்கியத்தோடுதான் எனக்குச் சண்டை.

படம் மிகச் சிறியது. மாக்ஸ் ஒரு பெண் டாக்டரிடம் போகிறான். அவள் அவன் நெஞ்சில் காது வைத்துக் கேட்கிறாள். அவனுக்குக் கூச்சம் தாங்கவில்லை, நெளிகிறான். காதல், கல்யாணம். பிறகு மற்ற ஆண்களின் நெஞ்சிலும் அவள் அப்படியே காது வைப்பதைக் கண்டு, வந்த நோயாளிகளையெல்லாம் விரட்டியடிக்கிறான். அவ்வளவே. அவளிடம் அவனை ஈர்த்த அதே காரியம்தான் இப்போது அவனைச் சுடுகிறது. இதைச் சொல்ல நம் நாவலாசிரியர்களுக்கு நானூறு பக்கமும் ஒரு தற்கொலையும் தேவைப்படுகின்றன. அலிஸ் கீ 1906-ல் எடுத்த படத்தில் ஒரு கர்ப்பிணி குழந்தையின் மிட்டாயை, ஒருவனின் மதுவை, இன்னொருவனின் புகைக்குழாயைப் பிடுங்கிக்கொண்டு ரசிக்கிறாள். புருஷன் பிள்ளைவண்டியைத் தள்ளியபடி பின்னால் திண்டாடுகிறான். மசக்கை பற்றி இவ்வளவு நேர்மையான ஒரு புதுக்கவிதை எனக்கு நினைவில்லை.

‘அது பிரான்ஸ், நம் மரபு வேறு’ என்பார்கள். பக்கத்தில்தானே குற்றாலம்? திரிகூடராசப்பக் கவிராயரின் குறவஞ்சியில் வசந்தவல்லியின் விரகத்தைத்தான் மேடைகளில் சிலாகிக்கிறோம். சிங்கன்? பட்சி பிடிக்கப் போன இடத்தில் சிங்கி நினைப்பில் கோட்டை விடுகிறான். அவளைக் கண்டபின், அவள் மேல் புதிதாக ஏறியிருக்கும் நகைகளைப் பார்த்து மிரண்டு, ஒவ்வொன்றாகக் கேட்கிறான். சந்தேகம் கேள்வியாகிறது, கேள்வி கொஞ்சலாகிறது. மாக்ஸின் பொறாமைதான் இதுவும். தமிழ் சினிமா இதே பொறாமையை ஓர் அறையாகவும் கற்பு வசனமாகவும் ஆக்கியது; டூயட்டுக்கு மட்டும் அருவிக்கரை.

1905-ல் திருச்சியில் சாமிக்கண்ணு வின்சென்ட் (அவரும் குமாஸ்தாதான், ரயில்வேயில்) படம் காட்டும் கருவியையும் சுருள்களையும் வாங்கியது டுபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம். அவர் ஊர் ஊராகக் காட்டியது ஏசுவின் வாழ்க்கை. பக்தி முந்திக்கொண்டது, சிரிப்பு பின்னால் வந்தது. என்.எஸ். கிருஷ்ணனும் மதுரமும் வந்த பிறகுதான் புருஷன் பெண்டாட்டிச் சண்டை திரையில் சுவாசிக்கத் தொடங்கியது. 1939-ன் ‘சிரிக்காதே’ குட்டிக் குட்டி ஹாஸ்யப் படங்களின் கோவை. நம் விமர்சகர்கள் இதையெல்லாம் ‘காமெடி ட்ராக்’ என்று மூடிவிட்டார்கள். இந்த ஜோடியின் துண்டுகளைப் பெரிய படங்களிலிருந்து வெட்டியெடுத்துத் தனியே ஓட்டலாம், கதைக்கு ஒன்றும் ஆகாது. அதைத்தான் குறை என்கிறார்கள். மாக்ஸின் படமும் அந்த நீளம்தான்.