தாமதமும் ஒரு தீர்ப்பே!

கார்த்திகைத் திங்களில் அண்ணாமலை உச்சியிலே தீபம் ஏற்றப்படுகிறது. குறித்த நாள், குறித்த மாலை, பிந்துவதில்லை. அதே திருவண்ணாமலையில், நீதிமன்ற வாயிலில் நிற்பவனுக்கு மட்டும் குறித்த நாள் என்பது அடுத்த வாய்தாவுக்கு மறுபெயர்!

தாமதம் யாருக்குத் துணை நிற்கிறது? இவ்வூரே விடை கூறும்.

அனைத்துச் சாதியினரும் அர்ச்சகராகலாம் என்று 2006 மே 23 அன்று கலைஞர் அரசு ஆணையிட்டது. பெரியாரின் நெஞ்சில் தைத்த முள்ளை அகற்ற எடுத்த முயற்சி அது. ஆறு பயிற்சிப் பள்ளிகள் அமைந்தன. அவற்றுள் ஒன்று திருவண்ணாமலையில். 200க்கும் மேற்பட்டோர் பயின்று தேறினர். ஆனால், பள்ளிகள் தொடங்குமுன்பே உச்சநீதிமன்றத்தில் வழக்கும் வந்தது. இடைக்காலத் தடையும் வந்தது!

தீர்ப்பு வந்ததோ 2015 டிசம்பர் 16இல். அரசாணையை அது வீழ்த்தவில்லை. நியமனம் ஆகமத்துக்கு உட்பட்டதாக இருக்கவேண்டும், தகராறு எழுந்தால் தனித்தனியே ஆராயலாம் என்றது. பயிற்சி பெற்றோருள் 24 பேர் பணி ஆணை பெற்றது 2021 ஆகஸ்டு 14இல். 2023 செப்டம்பரில், ஆகமக் கோயில் நியமனங்களில் உள்ள நிலையே தொடரவேண்டும் என்று மீண்டும் ஓர் உச்சநீதிமன்ற ஆணை. இருபது வயதில் மந்திரம் பயில வந்த இளைஞனின் தலையில் இதற்குள் நரை!

அவன் தோற்றானென்று எந்தத் தீர்ப்பும் கூறவில்லை. ஆயினும் அத்தனை ஆண்டும் கருவறைக்குள் இருந்தவர் இருந்தார்; வெளியே நின்றவன் நின்றான். உள்ளே இருப்பவனுக்குத் தாமதம் வெற்றி. வெளியே நிற்பவனுக்குத் தாமதமே தோல்வி. நீதிபதி கையெழுத்திடாத தீர்ப்பு இது!

உச்சியில் நடந்ததுதான் அடிவாரத்திலும் நடக்கிறது. முன்சீப் மன்றத்தில் ஒரு காணி நிலத்துக்கு டிக்ரி பெறுகிறான் ஏழை உழவன். எதிரி மேல்முறையீடு செய்கிறான். மேல்முறையீடு செய்ததனாலேயே டிக்ரி நின்றுவிடாது என்பது உரிமையியல் நடைமுறைச் சட்டம். ஆகவே முதல் வேலையாகத் தடை கேட்கிறான். தடை ஒரே நாளில் பிறந்துவிடும். அறிவிப்போ ஊர்போய்ச் சேராது! "ஆள் இல்லை", "கதவு பூட்டியிருந்தது", "முகவரி போதாது" என்ற குறிப்போடு திரும்பி வரும். மறுபடி பேட்டா, மறுபடி வாய்தா. ஒன்பது பேருக்கு அறிவிப்பு கிடைத்தால், பத்தாமவர் பெங்களூரில் கூலிவேலைக்குப் போயிருப்பார். அவரைத் தேடுமுன் முதலாமவர் மாண்டுபோவார். 90 நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்கவேண்டும். அவர்களுக்குப் புதிதாக அறிவிப்பு. சாவுகூட இங்கே வாய்தா வாங்கித் தருகிறது!

அறிவிப்பே வேண்டாமென்று எவரும் சொல்லவில்லை. ஒருவனைக் கேளாமல் அவனுக்கெதிராகத் தீர்ப்பளிப்பது அநீதி. ஆனால், அவனைக் கேட்பதற்காக ஏற்பட்ட அறிவிப்பே அவனைக் கேளாதிருக்கும் சூழ்ச்சியாக மாறலாமா?

சட்டத்தில் வழி இல்லாமலில்லை. ஒருதரப்பாகத் தரப்பட்ட உறுத்துக்கட்டளை மனுவை 30 நாளில் முடிக்க முயலவேண்டும் என்பது 1976ஆம் ஆண்டுத் திருத்தம். அஞ்சல், கூரியர், மின்னஞ்சல் வழியாகவும் அழைப்பாணை அனுப்பலாம், ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேலில்லை என்றன 2002 ஜூலை முதல் நடப்புக்கு வந்த திருத்தங்கள். சேலம் வழக்கறிஞர் சங்கம் தொடுத்த வழக்கில், 2005இல் அவற்றை நிலைநாட்டிய உச்சநீதிமன்றமே, எதிருரை தாக்கல் செய்வதற்கான 90 நாள் கெடுவைக் கட்டாயமன்று எனத் தளர்த்தியது. ஏட்டில் கெடு, நாட்டில் வாய்தா!

நாம் கேட்பது மூன்று. தடை பெற்றவன் குறித்த நாளுக்குள் அறிவிப்பைச் சேர்ப்பிக்காவிடில், தடை தானே அற்றுப்போகவேண்டும். அமீனா, அஞ்சல், கைப்பேசி ஆகிய மூன்று வழியிலும் ஒரே வேளையில் அறிவிப்பு செல்லவேண்டும். பழைய மேல்முறையீடு முதலில் விசாரிக்கப்படவேண்டும். எந்தக் கட்சி ஆண்டாலும், அரசும் ஒரு பெரிய வழக்காளி. தன் வழக்குகளில் வாய்தா கேட்பதை அது முதலில் நிறுத்தட்டும்.

தோழர்களே! நமக்கும் வேலை உண்டு. மகளிருக்கும், ஆதிதிராவிடர், பழங்குடியினருக்கும் வருமானம் பாராது இலவச சட்ட உதவி தருகிறது 1987ஆம் ஆண்டுச் சட்டம். வட்டந்தோறும் அதற்கான குழு இருக்கிறது. வழக்குள்ள ஏழையின் கையைப் பிடித்து அங்கே அழைத்துச் செல்லுங்கள். முகவரி மாறினால் வழக்கறிஞருக்குத் தெரிவிக்கச் சொல்லுங்கள். வீட்டில் சாவு நேர்ந்தால் வாரிசுச் சான்றை உடனே வாங்கிக் கொடுங்கள்.

தாமதம் தானாக விளைவதன்று. அதனால் பயன்பெறுவோர் வளர்க்கும் பயிர். அதன் வேரை நாம் அறுக்கவேண்டும்!