வேகம் ஆண்களின் பட்டா நிலமா?

மட்டாஞ்சேரி டீக்கடையில் நண்பர் ஒருவர் அடித்துச் சொல்கிறார்: "கிரிக்கெட்டில் பொம்பளைப் பிள்ளைக்கு சுழல் போதும், வேகப்பந்து உடம்புக்கு ஆகாது. நம்ம கேரளத்து மின்னு மணியும் ஆஷா சோபனாவும் சுழலில்தானே ஜெயித்தார்கள்?"

ஜெயித்தது உண்மை, அவர் எடுக்கும் முடிவுதான் தப்பு. மின்னுவின் அதே வயநாட்டிலிருந்து வந்த வி.ஜே. ஜோஷிதா வேகப்பந்து வீசுகிறார். 2025 ஜனவரியில், 19 வயதுக்குட்பட்ட மகளிர் உலகக் கோப்பையில் இந்தியாவின் முதல் ஆட்டம். மேற்கிந்தியத் தீவுகள் 44 ரன்னில் சுருண்டது. ஜோஷிதா 5 ரன் கொடுத்து 2 விக்கெட். ஆட்ட நாயகியும் அவரே. கோப்பையும் இந்தியாவுக்கே வந்தது.

உடம்புக்கு ஆகாதென்றால், இந்திய வேகப்பந்து வீச்சாளர் ஜூலன் கோஸ்வாமி 20 ஆண்டுகள் ஓடி வந்து வீசி, ஒருநாள் போட்டிகளில் 255 விக்கெட் எடுத்தது எப்படி? 2024இல் மணிக்கு 132.1 கி.மீ. வேகத்தில் வீசியபோது தென்னாப்பிரிக்காவின் ஷப்னிம் இஸ்மாயிலுக்கு வயது 35.

தடை உடம்பில் இல்லை. கேரளத்து வேகப்பந்து வீச்சாளர்கள் டினு யோகன்னானையும் ஸ்ரீசாந்தையும் காட்டிப் பையன்களை வேகமாக வீசச் சொன்னோம். பெண் பிள்ளைகளிடம் "மெதுவாகப் போடும்மா" என்றோம். ஃபோர்ட் கொச்சி பரேட் மைதானத்தில் நாளை ஒரு சிறுமி நீண்ட ஓட்டம் எடுத்து வந்தால், அவளைத் தடுக்காதீர்கள் நண்பரே. புதுப்பந்தை அவள் கையில் கொடுங்கள்.