லொள்ளு சபாவும் ராம்பாலாவும்

விழுப்புரம், திண்டிவனம் டீக்கடைகள்ல 'லொள்ளு சபா'ன்னு சொல்லிப் பாருங்க. சந்தானம், சுவாமிநாதன், மனோகர்னு பேர் வரிசையா வரும். ராம்பாலான்னா? "யாருப்பா அது?"ன்னு தான் கேப்பாங்க.

2000களில் விஜய் டிவியில் வாராவாரம் தமிழ்ப் படங்களைக் கலாய்ச்ச அந்த நிகழ்ச்சியோட இயக்குநர் அவர். கலாய்க்கறது சுலபமில்லீங்க. மூலப்படத்தோட ஷாட், வசனம், பில்டப் எல்லாம் அத்துப்படியா இருந்தாதான் அதைக் கவுக்க முடியும். டைரக்‌ஷன் தெரியும்னு இதைவிட எப்படி நிரூபிக்கறது?

சந்தானத்தை 2004லயே 'மன்மதன்' கூட்டிட்டுப் போச்சு. ராம்பாலாவோட முதல் படம் 'தில்லுக்கு துட்டு' வந்தது 2016ல. ஹீரோ, அதே சந்தானம். நடுவுல 12 வருஷம்!

"வெறும் டிவி ஆளு"ங்கற இளக்காரம், கேமராவுக்குப் பின்னாடி நிக்கறவரைத் தான் ரொம்ப நாள் காக்க வைக்குதுன்னு எனக்குத் தோணுது. நீங்க என்ன சொல்றீங்க மக்களே?