பிரெஞ்சுக்குத் தமிழ் வழியே ஒரு வாசல்

கடக்வாஸ்லாவில் உள்ள தேசியப் பாதுகாப்பு அகாதெமியில், பன்னிரண்டாம் வகுப்பு முடித்து வரும் மாணவ மாணவியர் தம் மூன்றாண்டுப் பயிற்சியினூடே அயல்மொழி ஒன்றையும் கற்கின்றனர். அரபு, சீனம், ரஷ்யன் ஆகியவற்றோடு பிரெஞ்சும் அங்கே கற்பிக்கப்படுகிறது. கொங்கோ ஜனநாயகக் குடியரசில் ஐ.நா. அமைதிப்படையின் அங்கமாக இந்திய வீரர்கள் பணியாற்றியிருக்கின்றனர். அந்நாட்டின் ஆட்சிமொழி பிரெஞ்சு. எனவே அம்மாணவர்க்கு இம்மொழி எதற்கு என்ற கேள்விக்குத் தெளிவான விடை உண்டு.

ஏறத்தாழ அதே வயதில் தமிழ்நாட்டிலும் பலர் பிரெஞ்சைத் தொடங்குகின்றனர். பதினோராம் வகுப்பில் மொழிப்பாடமாக அதைத் தேர்வோரிற் பலருடைய நோக்கம் மதிப்பெண் ஒன்றே. தேர்வு முடிந்ததும் மொழியும் முடிந்துவிடுகிறது. இரண்டாண்டு பயின்ற ஒருவர் பின்னாளில் ஆய்வுக்கு வரும்போது, பிரெஞ்சு நூலொன்றின் முன் மீண்டும் அரிச்சுவடி மாணவராகவே நிற்கிறார்.

நோக்கமின்மை இதற்கு ஒரு காரணம். அதிகம் பேசப்படாத மற்றொரு காரணம், நாம் பிரெஞ்சை ஆங்கிலத்தின் வழியாகவே கற்கிறோம் என்பது. ஆங்கிலம் அறிந்தவர்க்கெனத் தொகுக்கப்பட்ட கடினங்களின் பட்டியலை நம்முடைய கடினங்களாக எண்ணி அஞ்சுகிறோம். உண்மையில் அவற்றிற் பல நமக்குக் கடினமே அல்ல.

சான்றாக, ஒருமையில் 'த்யூ', மதிப்பிலும் பன்மையிலும் 'வூ' என்னும் வேறுபாட்டை ஆங்கிலவழிப் பாடநூல்கள் நெடிது விளக்கும். நீ, நீங்கள் என்று சொன்னால் தமிழருக்கு அவ்விளக்கம் பெரும்பாலும் முடிந்துவிடும். மூக்கொலி உயிர்களும் அத்தகையனவே. பேச்சில் 'மரம்' என்னும்போது இறுதி மகரத்தை நாம் இதழ் மூடி ஒலிப்பதில்லை. உயிரொலியையே மூக்கின் வழி விடுகிறோம். 'நல்ல' எனப் பொருள்படும் 'போன்' என்ற பிரெஞ்சுச் சொல்லின் இறுதியும் அவ்வாறே அமையும். 'அவர்கள் பேசுகிறார்கள்' என்பதற்குரிய பிரெஞ்சு வினையில் இறுதி மூன்று எழுத்துகள் எழுதப்படும், ஒலிக்கப்படா. 'பேசுகிறார்கள்' என எழுதிப் 'பேசுறாங்க' எனச் சொல்லும் நமக்கு, எழுத்துக்கும் பேச்சுக்கும் இடையிலான தொலைவு புதிதன்று. எண்பதை 'நான்கு இருபது' என்றும், தொண்ணூற்றை 'நான்கு இருபது பத்து' என்றும் பிரெஞ்சு சொல்லும். நூற்றைத் தொடுமுன்பே 'தொண்ணூறு' என்றும், ஆயிரத்தை எட்டுமுன்பே 'தொள்ளாயிரம்' என்றும் சொல்லப் பழகிய நாம் இதற்கு மலைக்க வேண்டியதில்லை.

தமிழ் கைகொடுக்காத இடங்களும் உண்டு. மேசை பெண்பால், புத்தகம் ஆண்பால் என்னும் பகுப்பை நம் அஃறிணை ஏற்காது. ஒவ்வொரு பெயர்ச்சொல்லையும் அதன் முன்னொட்டுச் சொல்லான 'லு' அல்லது 'லா'வுடன் சேர்த்தே மனனம் செய்வது தவிர வேறு வழியில்லை. முதல் நாளிலிருந்து உழைப்பைச் செலவிட வேண்டிய இடம் இதுதான்.

இவ்வளவு உழைப்பு எதற்கு? தமிழியல் ஆய்வின் ஒரு பகுதி பிரெஞ்சில் இருக்கிறது என்பதே என் விடை. புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனம் 1955 முதல் இயங்கிவருகிறது. பிரான்சுவா குரோ செய்த பரிபாடல் மொழிபெயர்ப்பு 1968இல் அங்கிருந்து வெளிவந்தது. ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பைத் தமிழில் படிக்கிறோம். அவர் துபாஷாக இருந்து பணிபுரிந்த கம்பெனியின் ஆவணங்களோ பிரெஞ்சில் உள்ளன. உரையாடலின் ஒரு தரப்பை மட்டும் கேட்டுவிட்டு வரலாறு எழுதுவது முறையாகுமா?

இயந்திர மொழிபெயர்ப்பு போதும் என்பார் உளர். அது நல்ல துணை, மறுக்கவில்லை. ஆனால் பிரெஞ்சிலிருந்து ஆங்கிலம் வழியாகத் தமிழுக்கு வரும் வாக்கியத்தில், யார் யாரை 'நீ' என்றார், யார் 'நீங்கள்' என்றார் என்பது நடுவழியில் மறைந்துபோகலாம். ஆளுநருக்கும் துபாஷுக்கும் இடையிலான உறவை ஆராய்பவருக்கு அது சிறு இழப்பன்று. மேலும், மொழிபெயர்ப்பு பிழையானதா என்று சரிபார்க்கவேனும் ஓரளவு மொழியறிவு வேண்டும்.

ஆகவே இரண்டு முன்மொழிவுகள். ஒன்று, தமிழ், வரலாற்றுத் துறைகளின் முனைவர் பட்ட மாணவர்க்குப் பேச்சுத்திறனை வற்புறுத்தாமல், அகராதியின் துணையோடு உரைநடையைப் படித்தறியும் அளவுக்கு ஓராண்டு வாசிப்புப் பயிற்சி வேண்டும். மற்றொன்று, தமிழிலக்கணம் அறிந்தவரை மனத்திற்கொண்டு, நமக்கு எளியவற்றைச் சில பக்கங்களில் கடந்து, அரியவற்றில் நின்று பயிற்றும் தொடக்கநிலை நூல் எழுதப்பட வேண்டும். 1954 நவம்பர் வரை பிரெஞ்சு ஆட்சி நடந்த புதுச்சேரியின் பேராசிரியர்களைவிட அதை எழுதத் தகுதியுடையோர் யார்?

முப்பது வயதில் அரிச்சுவடியா எனத் தயங்கும் ஆய்வாளர்க்கு ஒரு சொல்: பதினெட்டு வயது மாணவருக்கு இல்லாத ஒன்று உங்களிடம் இருக்கிறது. எந்த நூலைப் படிக்க இம்மொழி வேண்டும் என்பது உங்களுக்குத் தெரியும். அந்நூலின் முதற்பக்கத்திலிருந்தே தொடங்குங்கள்.