தெரிவு செய்பவர் யார்?



சென்ற மாதம் ஒரு பின்னேரம், பாலையூற்றிலிருந்து ஒரு தாய் தன் மகளையும் கூட்டிக்கொண்டு என்னிடம் வந்தார். 2006 இல் சம்பூரிலிருந்து இடம்பெயர்ந்தவர். கிளிவெட்டி முகாமில் சில வருடங்கள் இருந்தவர். கணவர் அந்தக் காலத்தில்தான் காணாமற் போனார். கருவாடு வாங்கி விற்று மகளை உயர்தரம் வரை படிப்பித்திருக்கிறார். மகளுக்கு இப்போது இருபது வயது. நன்றாகப் பாடுவாள், ஆடுவாள். தகப்பனின் முகத்தைப் படத்தில் மட்டும் பார்த்த பிள்ளை.

விசயம் இதுதான். பிள்ளையின் வட்ஸ்அப்புக்கு ஒரு செய்தி வந்திருக்கிறது. பெரியதொரு தொலைக்காட்சி நிகழ்ச்சிக்கு இலங்கையிலிருந்து பெண் பிள்ளைகளைத் தெரிவு செய்கிறார்களாம். பதிவுக் கட்டணம் பதினைந்தாயிரம் ரூபாய். முழு உருவப் படங்கள் பத்து வேண்டும். பிள்ளை படங்களை அனுப்பிவிட்டாள். அதன் பிறகு கதைத்த மனிதர் குடும்ப விபரம் கேட்டிருக்கிறார். தகப்பன் காணாமற் போனதைச் சொன்னதும், "அது நல்ல விசயம் தங்கச்சி, அதையே கொஞ்சம் அழுது சொல்லி ஒரு வீடியோ எடுத்து அனுப்புங்கோ" என்றாராம்.

"நல்ல விசயமாம் அக்கா" என்றார் தாய். வேறொன்றும் சொல்லவில்லை. காசு அனுப்பலாமா என்றுதான் கேட்க வந்தவர். ஆனால் அந்த ஒரு சொல் அவரை வழியெல்லாம் குத்திக்கொண்டு வந்திருக்கிறது.

அவருக்கு நான் சொன்னதையும், சொல்லாமல் பிறகு யோசித்ததையும் இந்த மாதம் உங்களோடு பகிர்ந்துகொள்கிறேன்.

முதலில் ஒன்றைச் சொல்ல வேண்டும். தொலைக்காட்சியில் ஆட்களைத் தெரிவு செய்வது பொய்யான தொழில் அல்ல. போட்டி நிகழ்ச்சி என்றாலும் படம் என்றாலும், யார் முகம் வர வேண்டும் என்று முடிவெடுக்க ஒருவர் இருக்கிறார். அவரைத்தான் காஸ்டிங் டைரக்டர் என்கிறார்கள். நாங்கள் நடிகர் தெரிவாளர் என்று வைத்துக்கொள்வோம். எங்கள் வீட்டு வரவேற்பறைக்குள் யார் வர வேண்டும், யார் வரக்கூடாது என்பதை எங்களுக்கு முன்பே தீர்மானித்துவிடுகிற ஆள் அவர்.

2019 ஆனி மாதம் விஜய் தொலைக்காட்சியில் பிக் பொஸ் மூன்றாவது பருவம் தொடங்கியதை உங்களில் பலர் பார்த்திருப்பீர்கள். சக்தி தொலைக்காட்சியில் செய்தி வாசித்த லொஸ்லியா மரியநேசன் அதில் போனார். இலங்கையைச் சேர்ந்த தர்சனும் போனார். மலேசியாவைச் சேர்ந்த முகேன் ராவ் அந்தப் பருவத்தில் வெற்றி பெற்றார், லொஸ்லியா மூன்றாவதாக வந்தார். ஒரே வீட்டுக்குள் இரண்டு இலங்கையர், ஒரு மலேசியர். இது தற்செயலாக நடந்திருக்கும் என்று நான் நினைக்கவில்லை. எங்கெல்லாம் தமிழர் தொலைக்காட்சியின் முன் இருக்கிறார்களோ அங்கெல்லாமிருந்து ஒரு முகம் வேண்டும் என்று யாரோ ஒருவர் கணக்குப் போட்டிருக்க வேண்டும். அதில் பிழையில்லை, வியாபாரம் அப்படித்தான்.

கனடாவிலிருந்த லொஸ்லியாவின் தகப்பன் அந்த வீட்டுக்குள் வந்த நாள் உங்களுக்கு நினைவிருக்கும். பல வருடங்களாக மகளை நேரில் காணாத தகப்பன். மகள் ஓடிவந்து கட்டிப்பிடித்து அழுதாள். அவர் கோபித்தார், புத்தி சொன்னார். எங்கள் ஒழுங்கையில் அன்றிரவு பத்து வீட்டிலும் இதே கதை. எனக்கும் கண் கலங்கியது, மறைக்கவில்லை. ஆனால் மறுநாள் காலையில் தேங்காய் துருவும்போது ஒரு யோசனை வந்தது. வெளிநாடு போன தகப்பன், பிரிந்த பிள்ளை, வருடக்கணக்கான காத்திருப்பு. இது எங்கள் ஊரில் வீட்டுக்கு வீடு உள்ள கதை. அந்தப் பிரிவு எங்கே, எப்போது, எந்தக் கமராவுக்கு முன் முடிய வேண்டும் என்பதை மட்டும் வேறு யாரோ தீர்மானித்திருக்கிறார்கள். அந்தத் தகப்பன் 2020 இல் கனடாவிலேயே காலமானார்.

கனடாவிலிருந்து வந்து சுப்பர் சிங்கர் ஜூனியரில் பாடிய ஜெசிக்கா யூட்டையும் நினைத்துப் பார்க்கிறேன். 2015 இல் இறுதிச் சுற்றில் இடம்பெயர்வைப் பற்றிய பாடலைப் பாடினார். இரண்டாம் பரிசாகக் கிடைத்த தங்கத்தை ஆதரவற்ற சிறுவர்களுக்குக் கொடுப்பதாக மேடையிலேயே அறிவித்தார். அது அந்தக் குடும்பத்தின் தெரிவு. என் மனதில் அது உயர்ந்து நிற்பதற்கு அதுதான் காரணம். துயரத்தைச் சொல்வது இழிவல்ல. யார் கேட்டு, யாருக்காகச் சொல்கிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

இனி மறுபக்கம் வருவோம். போட்டியில் நின்றவர் பிறகு மற்றவரைத் தெரிவு செய்கிற இடத்துக்கு வந்தால் என்ன நடக்கும்?

தமிழில் இதற்கு நல்ல உதாரணம் இருக்கிறது. கலைஞர் தொலைக்காட்சியில் 'நாளைய இயக்குநர்' என்று ஒரு போட்டி நடந்தது. குறும்படம் எடுத்துக்கொண்டு வர வேண்டும். நடுவர்கள் மேடையில் வைத்தே குறை நிறை சொல்வார்கள், சிலர் வெளியேறுவார்கள். முதற் பருவத்தில் வென்றவர் நலன் குமாரசாமி. அதில் பங்குபற்றிய இன்னொருவர் கார்த்திக் சுப்புராஜ், பொறியியல் படித்த பிள்ளை. இவர்களிடம் பெரிய நடிகரைக் கூப்பிடக் காசு இல்லை. ஆகவே தங்களைப் போலவே வாய்ப்புத் தேடி அலைந்தவர்களைக் கூப்பிட்டார்கள். டுபாயில் கணக்கு வேலை பார்த்துவிட்டு நடிப்புக்கு வந்த விஜய் சேதுபதி இப்படியான குறும்படங்களில் நடித்தவர். பொபி சிம்ஹா, கருணாகரன் போன்றவர்களும் அப்படித்தான்.

பிறகு இந்தப் போட்டியாளர்கள் பெரிய திரைக்குப் போனார்கள். 2012 இல் 'பீட்சா' எடுத்த கார்த்திக் சுப்புராஜ் விஜய் சேதுபதியைப் போட்டார். 2013 இல் நலன் 'சூது கவ்வும்' எடுத்தபோது விஜய் சேதுபதி, பொபி சிம்ஹா, கருணாகரன் மூவரும் இருந்தார்கள். 2014 இல் 'ஜிகர்தண்டா'வில் பொபி சிம்ஹாவுக்கு கார்த்திக் கொடுத்த பாத்திரம் இந்திய அரசின் தேசிய விருதை வாங்கிக் கொடுத்தது. தங்களோடு வரிசையில் நின்றவர்களை இவர்கள் மறக்கவில்லை. நல்ல குணம்தான்.

ஆனால் இதற்குள் இன்னொரு விசயமும் இருக்கிறது. தெரிவு செய்பவர் தனக்குத் தெரிந்த வரிசையில் இருந்துதான் ஆட்களை எடுப்பார். அந்த வரிசையில் நாங்கள் நிற்கவில்லை.

2021 இல் அதே கார்த்திக் சுப்புராஜ் 'ஜகமே தந்திரம்' எடுத்தார். அகதிகளுக்கு எதிரான அநியாயத்தைப் பற்றிய கதை. லண்டனில் வாழும் ஈழத்து அகதிப் பெண்ணாக நடித்தவர் கேரளத்தைச் சேர்ந்த ஐஸ்வர்யா லெக்ஷ்மி. கெட்டிக்காரியான நடிகைதான், அவர் மீது எனக்கு ஒரு குறையும் இல்லை. அதற்கு முன்பு, 2002 இல் 'கன்னத்தில் முத்தமிட்டால்' படத்தில் பிள்ளையைப் பெற்று விட்டுப்போன எங்கள் தாயாக நடித்தவர் நந்திதா தாஸ். 2012 இல் பிரசன்ன விதானகே எடுத்த 'ஒப நத்துவா ஒப எக்கா'வில் தமிழ்ப் பெண் செல்வியாக வந்தவர் இந்தியாவைச் சேர்ந்த அஞ்சலி பட்டீல். 2021 இல் 'த ஃபமிலி மேன்' தொடரில் போராளிப் பெண் சமந்தா. அவருடைய முகத்துக்குக் கறுப்புப் பூசியதைப் பலர் கண்டித்தார்கள். 2025 இல் 'டூரிஸ்ட் ஃபமிலி'யில் கடல் கடந்து இராமேஸ்வரம் போகிற எங்கள் தாயாக சிம்ரன்.

'எங்கட', 'கதைக்கிறது', 'ஏலாது' என்று மூன்று சொல்லைப் போட்டால் ஈழத்தமிழ் வந்துவிடும் என்று யாரோ இந்த ஆட்களுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள் போலும். மூதூர்ப் பேச்சும் பருத்தித்துறைப் பேச்சும் ஒன்றில்லை என்பது அவர்கள் காதுக்கு எப்படித் தெரியும்?

வேறு மாதிரியும் நடந்திருக்கிறது. பிரான்சில் ஜாக் ஓடியார் எடுத்த 'தீபன்' படத்தில் கதாநாயகனாக நடித்தவர் அன்ரனிதாசன் யேசுதாசன். சோபாசக்தி என்ற பெயரில் எழுதுகிறவர், சிறு வயதில் இயக்கத்தில் இருந்தவர், அகதியாகப் போனவர். நடிப்பைத் தொழிலாகக் கொண்டவரல்ல. அந்தப் படம் 2015 இல் கான் விழாவின் மிக உயர்ந்த விருதை வென்றது. ஆனால் அதிலும் மனைவியாக வருபவர் சென்னையைச் சேர்ந்த நாடக நடிகை காளீஸ்வரி சீனிவாசன். நன்றாக நடித்தார். எங்கள் ஆண் ஒருவரைத் தேடிக் கண்டுபிடித்த அந்தப் படத்தில் எங்கள் பெண் ஒருத்திக்கு மனைவி பாத்திரம் கிடைக்கவில்லை என்பதும் உண்மை.

இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்த பிள்ளை என்னிடம் திருப்பிக் கேட்டாள்: "அப்ப அன்ரி, நடிக்கப் போறதை விட ஆளைத் தெரிவு செய்யப் போறதுதான் நல்லமோ?"

நான் அப்படி நினைத்திருக்கவில்லை. ஆனால் கேள்வி சரியானது. இந்தத் தொழிலில் தொடக்கத்திலிருந்தே பெண்கள் நிறையப் பேர். அமெரிக்காவில் மரியன் டோஹெர்ட்டி என்ற பெண் நியூயோர்க் நாடக மேடைகளில் யாரும் அறியாத நடிகர்களைத் தேடிப் பிடித்துத் தொலைக்காட்சிக்கும் படத்துக்கும் கொடுத்தார். ஒரு சிறு அட்டையில் ஒவ்வொருவரைப் பற்றியும் குறிப்பு எழுதி வைப்பாராம். 2011 இல் அவர் இறக்கும்வரை இந்த வேலைக்கென்று ஒஸ்கார் விருது ஒன்று இருக்கவில்லை. 2024 இல்தான் அப்படி ஒரு பிரிவைத் தொடங்குவதாக அறிவித்தார்கள், 2025 இல் வெளியான படங்களிலிருந்து. இந்தியாவிலும் 'காந்தி' படத்துக்கு அங்குள்ள நடிகர்களைத் தேடிக் கொடுத்தவர் டொலி தாக்கூர் என்ற பெண்தான். ஆட்களின் முகத்தைப் பார்த்து மனதை அறிவது எங்களுக்குப் புதிதா? முகாமில் அரிசி வரிசையில் நின்றவளுக்கு எந்த முகம் பசியை மறைக்கிறது, எந்த முகம் பொய் சொல்கிறது என்று தெரியாமல் இருக்குமா?

சரி, பதினைந்தாயிரத்துக்கு வருவோம்.

வேலை தருகிறவர் வேலைக்கு வருகிறவரிடம் காசு கேட்பதில்லை. தெரிவாளருக்குச் சம்பளம் கொடுக்க வேண்டியது தயாரிப்பாளர். பதிவுக் கட்டணம், உடுப்புக் கட்டணம், பயிற்சிக் கட்டணம் என்று எந்தப் பெயரில் வந்தாலும் காசு கொடுக்காதீர்கள். நிறுவனத்தின் பெயரையும் நிலையான தொலைபேசி இலக்கத்தையும் கேளுங்கள். தொலைக்காட்சி நிலையத்துக்கு நேரே எடுத்து, இப்படி ஒரு தெரிவு நடக்கிறதா என்று விசாரியுங்கள். தெரிவுக்குப் போனால் துணைக்கு ஒருவரோடு, பகலில், அலுவலகத்துக்குப் போங்கள். ஹோட்டல் அறைக்கு அல்ல.

பெரிய இடம் என்றால் பயமில்லை என்றும் நினைக்க வேண்டாம். கேரளத்தில் 2017 இல் நீதியரசர் ஹேமா தலைமையில் அமைத்த குழு, திரைப்படத்துறைப் பெண்கள் படுகிற பாட்டை விசாரித்தது. 2019 இல் கையளித்த அறிக்கையை 2024 ஆவணியில்தான் வெளியே விட்டார்கள். வாய்ப்புக் கேட்டு வரும் பெண்ணிடம் 'அட்ஜஸ்ட்மென்ட்', 'கொம்ப்ரமைஸ்' என்ற இரண்டு சொற்கள் எப்படிப் புழங்குகின்றன என்று அதில் எழுதியிருக்கிறது. இந்தச் சொற்கள் காதில் விழுந்தால் பிள்ளைக்கு அர்த்தம் தெரிந்திருக்க வேண்டும். அதைச் சொல்லிக் கொடுக்க வெட்கப்படாதீர்கள்.

அனுப்பிய படங்களைக் காட்டி யாராவது மிரட்டினால் பிள்ளையை ஏசாதீர்கள். ஏச்சுக்குப் பயந்துதான் பிள்ளைகள் மறைக்கிறார்கள், மறைப்பதுதான் மிரட்டுகிறவனுக்கு வேண்டியது. செய்திகளை அழிக்காமல் வைத்துக்கொண்டு பொலிஸ் நிலையத்தில் உள்ள சிறுவர், பெண்கள் பிரிவுக்குப் போங்கள். பெண்களுக்கான உதவி இலக்கம் 1938. பதினெட்டு வயதுக்குக் கீழே என்றால் 1929.

அழுது வீடியோ அனுப்பச் சொன்னதற்கு என்ன செய்வது? அதற்குச் சட்டம் இல்லை. நான் பிள்ளையிடம் சொன்னது, அப்பாவின் கதை உன்னுடையது மட்டுமல்ல, அம்மாவினதும்தான், அவரிடம் கேள் என்று. தாயைப் பார்த்தாள். தாய் யன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார். கொஞ்ச நேரம் கழித்து, "அவர் அழுறதுக்கு இல்லை பிள்ளை, தேடுறதுக்கு" என்றார்.

பிள்ளை அன்றிரவே அந்த மனிதரிடம் நிறுவனத்தின் பெயரையும் முகவரியையும் கேட்டு எழுதியிருக்கிறாள். பதில் இல்லை. அடுத்த நாள் அந்த இலக்கமே வேலை செய்யவில்லை. படங்கள் பத்தும் அவனிடம்தான் இருக்கின்றன. இன்றுவரை ஒரு மிரட்டலும் வரவில்லை. வந்தால் எங்கே போவது என்று தாய்க்கும் மகளுக்கும் தெரியும். ஆனாலும் பிள்ளைக்கு என் மேல் கோபம். நான் கதைத்துக் கெடுத்துவிட்டேன் என்று இரண்டு கிழமை இந்தப் பக்கம் வரவில்லை.

சென்ற சனிக்கிழமை வந்தாள். சிநேகிதிகள் நாலு பேர் சேர்ந்து கைத்தொலைபேசியிலேயே ஒரு குறும்படம் எடுக்கப் போகிறார்களாம், உப்புவெளிக் கடற்கரையில். அதற்கு ஆள் தேடுவது இவள் பொறுப்பு. கொப்பி ஒன்றில் பெயர்கள் எழுதி வைத்திருந்தாள். மீன் வெட்டத் தெரிந்த, ஐம்பது வயதுக்கு மேற்பட்ட ஒரு பெண் வேண்டுமாம். அம்மா மாட்டேன் என்றுவிட்டாராம்.

வசனம் இருக்கிறதா என்று கேட்டேன். இருக்கிறதாம், மூன்று வரி. எங்கட பேச்சிலேயே சொல்லலாமாம். ஆனால் முதலில் ஒருக்கால் சொல்லிக் காட்ட வேண்டுமாம், தான் பார்த்துவிட்டுத்தான் முடிவு சொல்வாளாம்.

வாற ஞாயிறு போகிறேன்.