எதிரொலிப் படிகமும் நம் வீட்டுப் பெரியவர்களும்



"கடந்த கால நிகழ்வுகளின் எதிரொலியைச் சேமித்து வைத்திருக்கும் படிகக்கல் உனக்குக் கிடைத்தால்..." என்பது போன்ற தலைப்புகளைக் கற்பனைக் கட்டுரைக்குக் கொடுப்பது நம் பள்ளிகளில் வழக்கம். இவை வீண் வேலை என்று எண்ணுவோர் நம்மிடையே உள்ளனர். 'இல்லாத கல்லைப் பற்றி எழுதி என்ன பயன்? இருப்பதைப் பற்றி எழுதச் சொல்லுங்கள்' என்பது அவர்கள் வாதம். நான் அதற்கு உடன்படவில்லை. இல்லாத கல்லைப் பற்றிச் சிந்திக்கும் பிள்ளைதான், இருக்கும் குரல்களின் அருமையை உணரும். ஆனால், அந்தச் சிந்தனையைக் கட்டுரைத் தாளோடு நிறுத்திவிடக் கூடாது என்பதே என் கருத்து.

இக்கற்பனை புதிதன்று. கணினியின் முன்னோடியாகப் போற்றப்படும் சார்லஸ் பாபேஜ், 1837ஆம் ஆண்டில் வெளியிட்ட நூலொன்றில், மனிதர் பேசிய சொற்கள் அனைத்தும் காற்றில் அழியாமல் பதிந்திருக்கின்றன என்றும், காற்றே ஒரு மாபெரும் நூலகம் என்றும் வாதிட்டார். 1966இல் பாப் ஷா என்ற எழுத்தாளர், ஒளி ஊடுருவிச் செல்லப் பல ஆண்டுகள் பிடிக்கும் ஒரு கண்ணாடியைக் கற்பனை செய்து சிறுகதை எழுதினார். அக்கதையில் ஒருவர், இறந்துபோன தம் மனைவியையும் பிள்ளையையும் தம் வீட்டுச் சன்னலின் வழியே நாள்தோறும் பார்த்துக்கொண்டிருக்கிறார். இழந்ததை மீண்டும் காணவேண்டும், கேட்கவேண்டும் என்னும் ஏக்கமே இத்தகைய கதைகளின் வேர்.

அறிவியல் என்ன சொல்கிறது? பேசிய ஒலி காற்றில் பரவி, வலுவிழந்து, இறுதியில் வெப்பமாக மாறிவிடுகிறது. அதைத் திரும்பப் பிடிக்க வழியில்லை. மலையில் கேட்கும் எதிரொலியும் சில நொடிகளில் அடங்கிவிடும். படிகத்துக்கும் ஒலிக்கும் உறவு உண்டு என்பது மட்டும் உண்மை. சில படிகங்களை அழுத்தினால் மின்னூட்டம் உண்டாகும் என்பதைக் கியூரி சகோதரர்கள் 1880இல் கண்டறிந்தனர். அதன் பயனாகப் பிற்காலத்தில் ஒலிவாங்கிகளிலும் இசைத்தட்டுக் கருவிகளிலும் படிகங்கள் இடம்பெற்றன. ஆனால் அங்கே படிகம் காதாக இருந்ததேயன்றி நினைவாக இருக்கவில்லை. அண்மைக் காலத்தில் சவுதாம்டன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் குவார்ட்ஸ் கண்ணாடியில் லேசர் கதிரால் தகவல்களைப் பொறித்து, 2016இல் அனைத்துலக மனித உரிமைப் பிரகடனத்தையே அதில் பதித்துக் காட்டினர். கவனியுங்கள்: அந்தக் கண்ணாடி தானாக எதையும் கேட்டு வைத்துக்கொள்ளவில்லை. எதைப் பதிக்கவேண்டும் என்று மனிதர் முடிவு செய்தனர்; அது பதிந்தது.

இங்கேதான் நமக்குரிய கேள்வி பிறக்கிறது. யாருடைய குரல் பதிக்கப்பட்டது? யாருடைய குரல் விடுபட்டது?

சயாம் மரண ரயில் பாதையை எடுத்துக்கொள்வோம். 1942, 1943ஆம் ஆண்டுகளில் சப்பானியர் ஏறத்தாழ 415 கிலோமீட்டர் நீளத்துக்கு அப்பாதையை அமைத்தனர். பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சுப் போர்க்கைதிகளோடு, மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரக்கணக்கான தமிழர்களும் கொண்டு செல்லப்பட்டனர். காலராவாலும் பசியாலும் அடியாலும் மாண்டவர்களுள் ஆசியத் தொழிலாளர்களின் எண்ணிக்கை போர்க்கைதிகளைவிடப் பன்மடங்கு அதிகம். ஆனால், போர்க்கைதிகள் எழுதிய நாட்குறிப்புகளும் நூல்களும் ஏராளம். தாய்லாந்தின் காஞ்சனபுரியில் அவர்களுக்கு ஏறத்தாழ 7,000 கல்லறைகள் உள்ளன. பெரும்பாலானவற்றில் பெயரும் மறைந்த நாளும் பொறிக்கப்பட்டுள்ளன. நம்மவர்க்கு அத்தகைய கல்லறை வரிசை இல்லை. ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்' போன்ற நாவல்கள் அந்தக் குறையை ஓரளவு ஈடுசெய்தன. எனினும், சென்று மீண்டவர்களின் சொந்தக் குரலில் நம்மிடம் எஞ்சியிருப்பது மிகச் சொற்பமே. 1943இல் பத்து வயதுச் சிறுவனாக இருந்தவர் இன்று தொண்ணூறைக் கடந்திருப்பார். அந்தக் கதவு ஏறக்குறைய மூடிவிட்டது.

எல்லாக் கதவுகளும் மூடிவிடவில்லை. 1950, 60களில் தோட்டங்கள் துண்டாடப்பட்டபோது குடும்பங்கள் எங்கே போயின? 1969இல் வேலை பெர்மிட் சட்டம் நடைமுறைக்கு வந்தபோது சிவப்பு அடையாள அட்டைக்காரர்கள் என்ன பாடுபட்டனர்? உடன் படித்த பிள்ளைகள் கப்பலேறித் தமிழ்நாட்டுக்குப் போனது எப்படி இருந்தது? இவற்றை நேரில் கண்டவர்கள் எழுபதைக் கடந்தவர்களாக நம் வீடுகளில் இன்றும் இருக்கின்றனர். பிரட்டுக்களத்தில் விடியற்காலையில் பெயர் கூப்பிட்ட ஓசை, ஆயாக் கொட்டகையின் தொட்டில்கள், பால் வாளிகளைக் காண்டாக் கம்பில் சுமந்த தோள்வலி எல்லாம் அவர்கள் நினைவில் இருக்கின்றன. நாம் தேடும் படிகம் வீட்டு வாசலில் நாற்காலி போட்டு அமர்ந்திருக்கிறது. கேட்பதற்குத்தான் ஆளில்லை.

'கைப்பேசியில் எல்லாம் பதிவாகிறதே' என்று பெற்றோர் கூறலாம். பிறந்தநாள் விழாக்களும் திருமணங்களும் பதிவாகின்றன; உண்மைதான். ஆனால், தாத்தாவின் வாழ்க்கை அவற்றில் இல்லை. யாராவது கேள்வி கேட்டால்தான் அது வெளிவரும். குரல் கொடுக்காதவனுக்கு மலைகூட எதிரொலிப்பதில்லை.

பதிவு மட்டும் போதாது என்பதற்கும் ஒரு சான்று உண்டு. ஸ்காட் டி மார்டன்வில் என்ற பிரெஞ்சுக்காரர் 1860இல் ஒரு பாடலின் ஒலியலைகளைப் புகைபடிந்த தாளில் கோடுகளாகப் பதித்தார். அதை ஒலிக்கச் செய்யும் வழி அக்காலத்தில் இல்லை. 2008இல் ஆய்வாளர்கள் கணினியின் துணையால் அதனைப் பாடச் செய்தபோது, முதலில் ஒரு பெண்ணின் குரல் என்றே கருதினர். வேகத்தைச் சரிசெய்த பின்னரே அது ஓர் ஆணின் குரல், பெரும்பாலும் ஸ்காட்டின் குரலே என்று தெளிந்தனர். எப்போது, எங்கே, யார், எப்படி என்ற குறிப்புகள் இல்லாத பதிவு, நம்மைத் தவறான இடத்துக்கும் இட்டுச் செல்லும்.

'இதற்கு நேரம் எங்கே? பாடத்திட்டத்தை முடிக்கவேண்டாமா?' என்று சக ஆசிரியர்கள் கேட்பது நியாயமே. ஆனால், கேட்டல், பேச்சு, எழுத்து ஆகிய மூன்று திறன்களையும் ஒருசேர வளர்க்கும் நடவடிக்கை இதைவிட வேறென்ன இருக்கிறது? யூபிஎஸ்ஆர் தேர்வு 2021இல் அகற்றப்பட்டுவிட்டது. மனனம் செய்த கட்டுரைகளை ஒப்புவிக்க வேண்டிய கட்டாயம் குறைந்துள்ள இக்காலத்தில் இதைச் செய்யாவிடில் எப்போது செய்வோம்? சிங்கப்பூரில் வாய்மொழி வரலாற்றுக்கென 1979இலேயே அரசு ஒரு பிரிவைத் தொடங்கிப் பல இனத்தவரின் குரல்களையும் சேகரித்துவருகிறது. நமக்கு அத்தனை பெரிய ஏற்பாடு தேவையில்லை. ஒரு கைப்பேசியும் ஒரு பிள்ளையும் போதும்.

செய்யவேண்டியவை சில. முதலில் பெரியவரின் சம்மதத்தைப் பெறவேண்டும். பெயர், வயது, தோட்டத்தின் பெயர், பதிவுசெய்த நாள் ஆகியவற்றைத் தொடக்கத்திலேயே சொல்லிப் பதிவுசெய்யவேண்டும். 'உங்கள் வாழ்க்கையைப் பற்றிச் சொல்லுங்கள்' என்று கேட்டால் பதில் வராது. 'காலையில் எத்தனை மணிக்கு எழுந்தீர்கள்? முதல் சம்பளம் எவ்வளவு? அதில் என்ன வாங்கினீர்கள்?' என்று கேட்டால் பேச்சு தானாக வளரும். அவர்களின் பேச்சைச் செந்தமிழாகத் திருத்தக் கூடாது, அச்சொற்களே வரலாறு. சொல்ல விரும்பாத துயரத்தைத் தோண்டவும் கூடாது. மௌனத்தை மதிக்கக் கற்பதும் பிள்ளைகளுக்கு ஒரு பாடமே. முடிந்ததும் பதிவைப் பள்ளியில் ஒரு படி, வீட்டில் ஒரு படி வைத்துக்கொள்ளலாம்.

எனவே, ஆசிரியர் நண்பர்களே, படிகக்கல் கட்டுரையைத் தாராளமாக எழுதச் சொல்லுங்கள். அதற்கு அடுத்த வாரமே, தாத்தா பாட்டியிடம் கேட்கவேண்டிய பத்துக் கேள்விகளைத் தயாரிக்கச் சொல்லுங்கள். பெற்றோர்களே, வரும் பள்ளி விடுமுறையில் ஒரு மாலைப்பொழுதைத் தொலைக்காட்சியை அணைத்துவிட்டு இதற்காக ஒதுக்குங்கள். அடுத்த விடுமுறைக்குத் தள்ளிப்போட வேண்டாம்.